செல்வியை ஓட வைத்த மதிவதனி

சுங்குவார்சத்திரத்தில் என் பஞ்சர் கடைக்கு மேல்மாடியில் வீடியோ கேம் செய்கிறார்கள் என்று சொன்னால் எந்த லாரி டிரைவரும் நம்புவதில்லை. "இன்னாது, டியூப் ஒட்ற கேமா?" என்று கேட்டுவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார்கள். அண்ணாந்து பார்த்தால் 'சத்திரம் கேம்ஸ்' என்று ஒரு போர்டு தெரியும். ஒரு காக்கா உட்கார்ந்தால் மறைந்துவிடுகிற அளவு போர்டு. அதற்குக் கீழே 'பேச்சிராஜ் டயர் ஒர்க்ஸ்' என்று என்னுடைய போர்டு. அது காஞ்சிபுரத்திலிருந்து பார்த்தாலே தெரியும்.

மாடிக் கம்பெனியில் ஆள் இரண்டே பேர். முதலாளியும் அவர்கள்தான், தொழிலாளியும் அவர்கள்தான், சனிக்கிழமை கூட்டிப் பெருக்குகிறதும் அவர்கள்தான். ஒருவர் ஸ்ரீதர், காஞ்சிபுரத்துக்காரர். கேமுக்குள்ளே எது நடக்க வேண்டும், எதை அழுத்தினால் என்ன ஆக வேண்டும் என்று கம்ப்யூட்டருக்கு எழுதிக் கொடுப்பது அவர் வேலை. இன்னொருவர் மதிவதனி அக்கா. இது அவர் கதை.

அக்காவுக்கு ஊர் பக்கத்திலிருக்கிற மண்ணூர். அப்பா கத்திரிக்காய் போட்ட நிலத்தில் இப்போது கன்டெய்னர் லாரிகள் வரிசையாகத் தூங்குகின்றன. அக்கா அதற்கெல்லாம் கண்ணீர் விடுகிற ஆள் இல்லை. சின்ன வயதிலிருந்தே படம் வரைவார். சென்னையில் பொம்மைப் படம் செய்யக் கற்றுக்கொடுக்கிற இடத்தில் படித்தார், அப்படியே வெளிநாட்டுக் கேம்களுக்கு வேலை செய்து கொடுக்கிற பெரிய கம்பெனி ஒன்றில் சேர்ந்தார். அங்கே பதினெட்டு வருஷம். அந்தப் பதினெட்டு வருஷமும் அவர் செய்த வேலை ஒன்றே ஒன்றுதான். ஓட வைப்பது.

நமக்கு ஓடுவது ஒரு வேலை. கேமில் அது ஆயிரம் வேலை. கால் எப்போது தரையைத் தொட வேண்டும், இடுப்பு எவ்வளவு இறங்க வேண்டும், தோளில் பாரம் இருந்தால் எந்தப் பக்கம் சாய வேண்டும் என்று ஒவ்வொன்றாக வைத்தால்தான் பொம்மை மனுஷன் மாதிரி ஓடும். அக்கா சிப்பாயை ஓட வைத்தார், பேயை ஓட வைத்தார், ஓநாயை ஓட வைத்தார். பூமியில் எந்த நாட்டுப் பிள்ளை கேம் விளையாடினாலும் அதில் ஓடுகிறவர்களில் பாதிப் பேருக்கு மண்ணூர்க் கால்தான் என்று நான் சொல்வேன். அக்கா மறுப்பார். நான் விடமாட்டேன்.

அந்தக் கம்பெனியில் ஒரு வழக்கம். செய்ததைச் சாயந்திரம் வெளிநாட்டுக்கு அனுப்பிவிட வேண்டும். இவர்கள் வீட்டுக்குப் போய்த் தூங்குகிற நேரத்தில் அங்கே வேலை கொடுத்த கிளைன்ட் பார்ப்பார். காலையில் வந்து திறந்தால் படத்தின் மேல் சிவப்பு வட்டம் வட்டமாகப் போட்டிருக்கும். முழங்கையை இறக்கு, கழுத்தைத் திருப்பு. இறக்குவார்கள், திருப்புவார்கள். மறுபடி வட்டம். என்றைக்காவது ஒரு நாள் 'அப்ரூவ்டு' என்று ஒரு வார்த்தை வரும். வந்தால்தான் வேலை முடிந்தது. ஏன், எதற்கு என்ற கேள்வியெல்லாம் கிடையாது. கிளைன்ட் குதிரைக்குக் கொம்பு வைக்கச் சொன்னால் எத்தனை கொம்பு என்று மட்டும் கேட்டுக்கொள்வார்கள்.

ஒரு நாள் அக்காவைக் கூப்பிட்டு, இனிமேல் நீங்கள் ஓட வைக்க வேண்டாம், ஓட வைக்கிற பிள்ளைகளை மேய்த்தால் போதும் என்று பதவி கொடுத்தார்கள். அக்கா அந்தப் பதவியை அப்படியே மேசையில் வைத்துவிட்டு வந்துவிட்டார். அவர் மனதில் ஒரு கேம் ரொம்ப நாளாக இருந்தது. அதற்குக் கிளைன்ட் கிடையாது. பக்கத்து மேசை ஸ்ரீதரும் கூடவே கிளம்பி வந்தார். அக்காவின் வீட்டுக்காரர் கோபால் ஒரகடத்தில் ஒரு ஃபேக்டரியில் லைன் சூப்பர்வைசர். "நீ பண்ணு. நான் ஷிப்ட் பாத்துகினுதானே கீறேன்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டாராம்.

அந்தக் கேமின் பெயர் 'பஸ் போயிடும்'. செல்வி என்று ஒரு பெண். எலக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் வேலை, லேடீஸ் ஹாஸ்டலில் வாசம். காலையில் கம்பெனி பஸ் கிளம்புவதற்குள் அவளை ஸ்டாப்புக்குக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். நடுவில் நாய், சேறு, தண்ணி லாரி, ஷேர் ஆட்டோ, சரியாக அந்த நேரம் பார்த்து ஊரிலிருந்து போன் செய்கிற அம்மா என்று சத்திரமே குறுக்கே வந்து நிற்கும். பஸ்ஸை விட்டால் அன்றைக்கு லீவு. அவ்வளவுதான் கேம். எங்கள் ரோட்டில் தினமும் நடக்கிற யுத்தம் இது. என் கம்ப்ரஸர் விடுகிற மூச்சைப் பதிவு செய்து அந்த பஸ்ஸுக்குக் கதவுச் சத்தமாக வைத்திருக்கிறார்கள். கேமில் எனக்கு இருக்கிற சொத்து அது ஒன்றுதான்.

எல்லாம் சரி. செல்வி ஓடத்தான் மாட்டேன் என்றாள்.

ஒரு நாள் என் கடைக் கூரை இடிந்து தலையில் விழப் போவது போலச் சத்தம். மாடிக்கு ஓடினேன். அக்கா துப்பட்டாவை இழுத்து இடுப்பில் கட்டிக்கொண்டு, தோளில் பையை மாட்டிக்கொண்டு, இந்தச் சுவருக்கும் அந்தச் சுவருக்கும் ஓடிக்கொண்டிருந்தார். ஸ்ரீதர் அதைப் போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்.

"என்னக்கா, யாரு தொரத்துதாவ?" என்றேன், என் தெற்கத்திப் பேச்சில்.

"செல்வி ஓட்டம் சரியா வரல பேச்சி. பை எப்டி குதிக்குதுன்னு பாக்கறேன்."

"நேத்தே நல்லாத்தான ஓடுனா."

"நேத்து ஓடுனது செல்வி இல்ல. அது ரேஸ்ல ஓடற பொண்ணு."

"முந்தாநாளு ஓடுனது?"

"அது போலீஸ்."

"போன வாரம் ஓடுனது திருடிண்ணே," என்றார் ஸ்ரீதர், போனை இறக்காமல். "பஸ்ஸுக்கு ஓடலை, பஸ்ஸ தூக்கிகினு ஓடுற மாதிரி இருந்தா."

எனக்கு எல்லாம் ஒரே ஓட்டமாகத்தான் தெரிந்தது. அக்காவுக்கு அப்படி இல்லை. காலையில் வந்து திறப்பார். யாரும் போடாத சிவப்பு வட்டங்கள் அவர் கண்ணுக்கு மட்டும் தெரியும். முழங்கையை இறக்குவார். மறுநாள் ஏற்றுவார். 'அப்ரூவ்டு' என்று சொல்ல இப்போது யாரும் இல்லை. அதனால் எதுவும் முடியவில்லை. ஸ்ரீதரும் லேசுப்பட்டவர் இல்லை. ஹாஸ்டல் கேட்டைத் திறந்து மூடுகிறதையே மாசக்கணக்கில் செய்துகொண்டிருந்தார். அந்தக் கேட் மாதிரி ஒரு கேட் ராஷ்டிரபதி பவனில்கூட இருக்காது.

ஆடி கழிந்த பிறகு ஸ்ரீதர் ஒரு சாயந்திரம் கீழே வந்து, டயர் அடுக்கின் மேல் உட்கார்ந்து, அக்காவையும் கூப்பிட்டார்.

இன்டர்நெட்டில் கேம் விற்கிற பெரிய கடை ஒன்று உண்டு. ஆயுத பூஜை முடிந்த கையோடு அந்தக் கடையில் புதுக் கேம்களுக்குத் திருவிழா. கேமில் கொஞ்சத்தை எடுத்து டெமோவாகப் போடலாம். உலகத்தில் யார் வேண்டுமானாலும் வந்து விளையாடிப் பார்ப்பார்கள். ஒரு கேமுக்கு அந்த வாய்ப்பு ஒரே ஒரு தரம்தான். அதில் நாலு பேர் கண்ணில் பட்டால் பிழைப்பு, இல்லாவிட்டால் மூட்டை கட்ட வேண்டியதுதான்.

"பழைய ஆபீஸ்ல கூப்ட்டுகினே இருக்காங்கக்கா," என்றார் ஸ்ரீதர். "பெரிய போஸ்ட்டு."

"தெரியும்."

"டெமோ ஏறிச்சுன்னா நான் எங்கயும் போகல. ஏறலன்னா போயிடுவேன். உங்ககிட்ட மறைச்சு வச்சு ஒரு நாள் திடுதிப்புனு சொல்ல எனக்கு மனசு வரல."

"ஏறும்," என்றார் அக்கா.

"எப்டிக்கா ஏறும்? செல்வி இன்னும் ஹாஸ்டல் கேட்டையே தாண்டல."

"ஏறும்னு சொல்றேன் இல்ல."

அக்கா சொன்ன விதத்தில் என் கையிலிருந்த டியூப்பில் காற்று தானாக ஏறியிருக்கும். ஆனால் நிலைமை எனக்கும் தெரியும். ஸ்ரீதர் போய்விட்டால் செல்வி வெறும் படம். அசைய மாட்டாள். சத்திரம் கேம்ஸ் அன்றோடு சரி.

மறுநாள் ஸ்ரீதரே ஒரு வழி கண்டுபிடித்தார். "நமக்குக் கிளைன்ட் இல்ல, அதான் கோளாறு. ஒருத்தர் பாத்து ஓகே சொன்னாத்தான் நம்ம கை நிக்கும். யாரையாவது பிடிச்சு கிளைன்ட் ஆக்கிடுவோம்."

என்னைப் பார்த்தார்கள். "பஸ்ஸுக்கு டயரு இருக்கா இல்லையான்னு மட்டும்தான் எனக்குச் சொல்லத் தெரியும்," என்றேன்.

அந்த நேரம் பார்த்துத் தண்ணீர்த் தொட்டியைப் பார்க்கத் தணிகாசலம் படியேறி வந்தார். கட்டடத்துக்கு ஓனர். எங்களுக்குப் பின்னால் தெருவில் அவர் வீடு, வீட்டை ஒட்டி அவருடைய கல்யாண மண்டபம். எதைக் காட்டினாலும் ஒரு திருத்தம் சொல்லக்கூடியவர். சூரியனைக் காட்டினால் கொஞ்சம் இடது பக்கம் நகர்த்தி வைக்கச் சொல்வார்.

"அங்கிள், இதக் கொஞ்சம் பாத்து ஓகேவான்னு சொல்றீங்களா?" என்றார் ஸ்ரீதர்.

தணிகாசலம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தார். "யார்மா இது?"

"செல்வி, பெரியப்பா. பஸ்ஸுக்கு ஓடறா," என்றார் அக்கா.

"ஓட்டம் நல்லாத்தான் கீது."

அக்கா அப்படியே நின்றுவிட்டார். மாசக்கணக்காக வராத வார்த்தை, தண்ணித் தொட்டி பார்க்க வந்தவர் வாயிலிருந்து வந்துவிட்டது. ஆனால் தணிகாசலம் முடிக்கவில்லை. "இது நம்ம தெருதானே? டிரான்ஸ்பார்மர் கீது, குப்பைத்தொட்டி கீது. என் வூடு எங்க?"

"உங்க வீடு..." என்று இழுத்தார் ஸ்ரீதர்.

"குப்பைத்தொட்டிக்கு இடம் கீது, என் வூட்டுக்கு இடம் இல்லியா? அத்த வை. அப்பால ஓகே சொல்றேன்."

வேறு யாராக இருந்தாலும் சிரித்திருப்பார்கள். இவர்கள் சிரிக்கவில்லை. இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கிளைன்ட் கமெண்ட் வந்திருக்கிறது. "ஓகே சார், இனிமே நீங்கதான் எங்க கிளைன்ட்டு," என்றார் ஸ்ரீதர். ஒரே மூச்சில் அங்கிள் சார் ஆகிவிட்டார். அக்காவுக்கும் அன்றைக்கே பெரியப்பா போய் சார் வந்துவிட்டது.

வேலை பறந்தது. செல்வியின் ஓட்டத்தை அக்கா பூட்டி வைத்தார், தொடவே இல்லை. தணிகாசலம் வீடு மயில் கிரில்லோடு எழும்பியது. அவர் வந்து பார்த்தார். விபூதி பூசின விரலால் கம்ப்யூட்டர் கண்ணாடியில் ஒரு வட்டம் போட்டார். "இங்க கெணத்து மோட்டர் இருக்கும்." வைத்தார்கள். "அத்த யாராச்சும் ஆஃப் பண்ணணுமே, தண்ணி வழியும்." செல்வி நின்று ஆஃப் பண்ணினாள். "என் டிவிஎஸ் 50 எப்பவும் சாஞ்சி கெடக்கும்." செல்வி நிமிர்த்தினாள். "வாசல்ல எங்க வூட்டு அம்மா நிப்பாங்க. பெரியவங்களப் பாத்தா பொண்ணு நின்னு நாலு வார்த்த பேசாதா?" செல்வி நின்றாள், அவர் சம்சாரம் மரகதம் அம்மாளோடு நாலு வார்த்தை பேசினாள். எந்த ஊரு, எந்தக் கம்பெனி, கல்யாணம் ஆயிடுச்சா. எல்லாவற்றுக்கும் பதில் சொன்னாள். அப்புறம் மண்டபம். சீரியல் லைட்டு, வாழை மரம், வாசலில் வணக்கம் சொல்கிற பொம்மை வரைக்கும் வந்துவிட்டது.

அக்கா முகத்தில் களை வந்திருந்தது. ஸ்ரீதர் விசில் அடித்துக்கொண்டு படி இறங்கினார். மாசக்கணக்கில் கேட்டைத் தாண்டாத கேம், வாரத்துக்கு ஒரு கட்டடம் தாண்டிக்கொண்டிருந்தது. இனி டெமோ ஏறிவிடும் என்று நானும் நம்பினேன்.

ஆயுத பூஜை வந்தது. என் கம்ப்ரஸருக்குச் சந்தனம் குங்குமம், டயர் கழற்றுகிற லிவருக்கு மாலை. மாடியில் கம்ப்யூட்டருக்கும் பொட்டு வைத்து, கீபோர்டில் ஒரு செவ்வந்தியைச் செருகியிருந்தார்கள். பூஜையில் வைத்ததை அன்றைக்குத் தொடக்கூடாது. ஸ்ரீதர் காஞ்சிபுரத்துக்குப் போய்விட்டார். விஜயதசமியன்று எடுத்துக் கடைசியாக ஒரு துடைப்புத் துடைத்து, அதற்கு மறுநாள் டெமோவை ஏற்றுவதாகத் திட்டம்.

பொரி வாங்க வந்த தணிகாசலம், பொரியை வாங்கிக்கொண்டு ஒரு கமெண்ட்டைக் கொடுத்தார்.

"மண்டபம் காலியா கீதேம்மா. ஒரு கல்யாணத்த வை. அந்தப் பொண்ணு உள்ள போயி பந்தில உக்காந்து சாப்ட்டு வரட்டும். வெறும் மண்டபத்தப் பாத்து எவன் புக் பண்ணுவான்?"

"ஓகே சார்," என்றார் அக்கா.

அப்புறம் கீழே வந்து டயர் மேல் உட்கார்ந்தார். மடியில் பொரி. கை சும்மா இருக்க மாட்டாமல் பொரியை ஒவ்வொன்றாக வரிசையில் வைத்துக்கொண்டிருந்தார்.

"மிஷினத் தொடாம இருக்க முடியல பேச்சி. வாயாலயாவது ஒரு தபா வெளையாடிப் பாக்கறேன்."

"வெளாடுங்க. நான்தான் செல்வி. ஓடச் சொல்லுங்க, ஓடுதேன்."

"செல்வி எந்திரிக்கறா. லேட்டாயிடுச்சி. பைய எடுத்துகினு ஓடறா."

"ஓடுதேன்."

"தெரு முனையில சார் வூடு. மரகதம் அம்மா நிக்கறாங்க. நின்னு பேசறா."

"பேசுதேன். இன்னைக்கு என்ன கொழம்புன்னும் கேட்டுக்கிடுதேன்."

"மோட்டர ஆஃப் பண்றா."

"பண்ணியாச்சு."

"டிவிஎஸ்ஸ நிமித்தறா."

"நிமித்திட்டேன். ஸ்டாண்டு லூசா இருக்கு, கடைக்கு அனுப்புங்க."

"மண்டபத்துக்கு வர்றா. உள்ள போறா. பந்தியில உக்கார்றா. எல போடறாங்க. சாதம், சாம்பார், ரசம்..."

அக்கா நிறுத்திவிட்டார்.

"நான் அப்பளத்துக்குக் காத்துக் கெடக்கேன்க்கா," என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. ரோட்டைப் பார்த்தபடி இருந்தார்.

"பஸ்ஸு போயிடுச்சி பேச்சி," என்றார். "எப்பவோ போயிடுச்சி."

எனக்கும் அப்போதுதான் உறைத்தது. பஸ்ஸைப் பிடிக்கிற கேமில் பஸ்ஸைப் பிடிக்கவே முடியாது. இரண்டு பேரும் சேர்ந்து பார்த்துப் பார்த்துச் செய்து முடித்திருந்தது தணிகாசலம் வீட்டுச் சுற்றுலா.

"இப்டியே ஏத்துனா ஒருத்தன் வெளையாட மாட்டான்," என்றார் அக்கா. "ஒரே சான்ஸு. அதுவும் போயி ஸ்ரீதரும் போயிடுவான். சார்கிட்ட முடியாதுன்னு சொல்லணும்."

"போயிச் சொல்லுங்க."

"எப்டி சொல்றது? கிளைன்ட்டுகிட்ட நான் முடியாதுன்னு சொன்னதே இல்லியே. பதினெட்டு வருஷத்துல ஒரு தபாகூட."

"என்கிட்ட சொல்லிப் பாருங்க. நான்தான் தணிகாசலம்," என்று வயிற்றைத் தள்ளிக்கொண்டு நின்றேன்.

அக்கா தொண்டையைச் செருமினார். "சார், நீங்க சொன்ன ஐடியா ரொம்ப நல்லா கீது, ஆனா..."

"நல்லா கீதா? அப்ப ரெண்டு மண்டபமா வை."

"சார், டைம் கொஞ்சம் கம்மியா..."

"பரவால்ல, பந்திய மட்டும் வை. பாயசம் நான் பாத்துக்கறேன்."

அக்கா என்னை முறைத்தார். பிறகு மடியிலிருந்த பொரியைக் காக்கைக்குப் போட்டுவிட்டு எழுந்து பின் தெருவுக்கு நடந்தார். பூசணிக்காய் உடைப்பதைப் பார்க்கிற சாக்கில் நானும் பின்னாலேயே போனேன்.

தணிகாசலம் வாசலில் டிவிஎஸ் 50 சக்கரத்துக்கு அடியில் வைக்க எலுமிச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டிருந்தார்.

"பெரியப்பா," என்றார் அக்கா. ரொம்ப நாளைக்கப்புறம் அந்தச் சொல் வந்தது.

"இன்னாம்மா?"

"மண்டபம் வராது."

"எங்க வராது?"

"கேம்ல. கல்யாணமும் வராது. மோட்டர ஆஃப் பண்றது, வண்டிய நிமித்தறது, பெரியம்மாகிட்ட நின்னு பேசறது, எதுவும் வராது."

"இப்பத்தானே ஓகேன்ன?"

"பழக்கத்துல சொல்லிட்டேன். தப்பு என் பேர்ல."

"அப்ப நான் கிளைன்ட்டு இல்லியா?"

"இல்ல பெரியப்பா. நீங்க ஹவுஸ் ஓனரு."

தணிகாசலம் முகம் சுருங்கிப் போனது. எலுமிச்சம்பழத்தை உருட்டிக்கொண்டே இருந்தார். "வாலாஜாபாத்ல சம்பந்தி வூட்டாண்ட வரைக்கும் சொல்லிகினு வந்துட்டேன்மா. நம்ம மண்டபத்த வெளிநாட்டுக்காரன்லாம் பாக்கப் போறான்னு. இப்ப இல்லன்னா சிரிக்க மாட்டானுங்களா?"

அக்கா இளகிவிடுவார் என்று நினைத்தேன். நானாக இருந்தால் மண்டபத்தோடு இரண்டு கார் பார்க்கிங்கும் வைத்துக் கொடுத்திருப்பேன்.

"சிரிப்பாங்கதான்," என்றார் அக்கா. "ஆனா மண்டபம் இருந்தா செல்விக்கு பஸ் கெடைக்காது. அவ பஸ்ஸப் பிடிக்கணும். அதுக்குத்தான் நான் வேலைய வுட்டுட்டு வந்தேன் பெரியப்பா."

"வூடு?"

"வூடு இருக்கும். தெருவுல இருக்கற வூடுதானே. ஆனா அவ நிக்க மாட்டா."

"மரகதம் வாசல்லயே நிப்பா. ஒரு வார்த்தகூடவா..."

"ஓடிகினே ஒரு தபா தலைய ஆட்டுவா."

உள்ளேயிருந்து மரகதம் அம்மாள் குரல் வந்தது. "அது போதும். பஸ்ஸுக்கு ஓடற பொண்ண எவளாச்சும் நிறுத்தி வச்சி கத பேசுவாளா? நான் அப்டியா பேசறேன்? ஊருக்கெல்லாம் என்ன அப்டி காட்டச் சொன்னியா நீ?"

தணிகாசலம் குனிந்து பழத்தைச் சக்கரத்துக்கு அடியில் வைத்தார். "சரிம்மா. வண்டி வாசல்ல நிக்கும். அத்த இடிக்காம ஓடச் சொல்லு."

"இது கமெண்ட்டா பெரியப்பா?"

"இல்லம்மா. பயம்."

விஜயதசமி காலையில் ஸ்ரீதர் வந்து இறங்கியதும் அக்கா விஷயத்தைச் சொன்னார். ஸ்ரீதர் பையைத் தோளிலிருந்து இறக்காமலே கேட்டார். "கிளைன்ட்டே சொல்லி வச்சதாச்சேக்கா."

"கிளைன்ட்ட நிறுத்திட்டேன். எடு எல்லாத்தையும்."

எடுப்பது கட்டுவதைவிடக் கஷ்டமாக இருந்தது. மண்டபத்தை எடுத்ததும் அதோடு ஒட்டியிருந்த தரையும் போய்விட்டது. செல்வி பையோடு பாதாளத்துக்கு விழுந்துகொண்டே இருந்தாள், அமெரிக்காவில் போய்த்தான் நிற்பாள் போலிருந்தது. ஸ்ரீதர் தரையை இழுத்துக் கட்டினார். நாய் சுவருக்குள் புகுந்துகொண்டது, வெளியே இழுத்தார். அக்கா மரகதம் அம்மாளைப் பார்த்துச் செல்வி தலையாட்டுவதை மட்டும் புதிதாகச் செய்தார். அதற்கு அதிக நேரம் எடுத்துக்கொள்ளவில்லை.

மறுநாள் மத்தியானம் ஸ்ரீதர் என்னையும் மாடிக்குக் கூப்பிட்டார். செல்வி ஹாஸ்டலிலிருந்து கிளம்பினாள், தண்ணி லாரிக்கு ஒதுங்கினாள், தணிகாசலம் வீட்டை ஒரே ஓட்டமாகத் தாண்டினாள், பஸ் படியில் கால் வைத்தாள். என் கம்ப்ரஸர் மூச்சு விட்டது, கதவு மூடியது.

ஸ்ரீதர் விரல் மவுஸின் மேல் நின்றுவிட்டது. "யாருக்கா ஓகே சொல்றது?"

"நான்."

"சொல்லுங்க."

"ஓகே."

"ஃபைனலா?"

"ஓகேன்னுட்டேன் ஸ்ரீதரு."

"தோள் பை இன்னும் லேசா..."

"குதிக்குது. எனக்கும் தெரியுது. குதிக்கட்டும். ஏத்து."

ஏற்றினார்.

திருவிழா வாரம். கோடிப் பேர் வந்தார்கள் என்று நான் லாரி டிரைவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். உண்மையில் அவ்வளவு இல்லை. ஆனால் வந்தவர்கள் போகவில்லை. பஸ் போய்விட்டால் திட்டிவிட்டு மறுபடி ஹாஸ்டலிலிருந்து கிளம்பினார்கள். பெயர் வாயில் நுழையாத ஏதோ ஒரு நாட்டில் ஒரு தாடிக்காரர் தான் விளையாடுவதை எல்லோருக்கும் காட்டிக்கொண்டே, செல்வி படியில் கால் வைத்ததும் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். சத்திரத்து ஹாஸ்டல் பெண்கள் தங்கள் தெருவைத் தாங்களே விளையாடித் தோற்று, ஒருத்தியை ஒருத்தி கிண்டல் பண்ணினார்கள்.

கமெண்ட் எழுதினவர்களும் உண்டு. செல்விக்குத் துப்பாக்கி கொடு. பைக் கொடு. இன்னும் வேகமாக ஓட வை. ஸ்ரீதர் பரபரவென்று முதல் கமெண்ட்டுக்கு வேலையை ஆரம்பித்துவிட்டார்.

"ஸ்ரீதரு, கைய எடு," என்றார் அக்கா. எல்லாவற்றையும் பொறுமையாகப் படிக்கச் சொல்லிக் கேட்டார். "துப்பாக்கி வேணாம். பைக் வேணாம். அவ இவ்ளோ வேகம்தான் ஓடுவா. டிரான்ஸ்பார்மராண்ட நாய் ஒரே எடத்துல சுத்துதுன்னு ஒருத்தர் சொல்றாரு இல்ல, அது நெஜம். அத மட்டும் சரி பண்ணு."

"மத்தவங்களுக்கு இன்னா எழுதறது?"

"முடியாதுன்னு எழுது. மரியாதையா எழுது."

அன்று சாயந்திரம் ஸ்ரீதர் என் கடைக்கு வந்து பழைய ஆபீஸுக்குப் போன் போட்டார். அவருக்காக நான் கம்ப்ரஸரை நிறுத்தினேன். இது எவ்வளவு பெரிய தியாகம் என்று வரிசையில் நின்ற டிரெய்லர் டிரைவரைக் கேட்டால் தெரியும்.

"சார், நான் வரல சார்... இல்ல சார், போஸ்ட்டெல்லாம் நல்ல போஸ்ட்டுதான்... இங்க வேலை கீது சார்."

எத்தனை நாளைக்கு என்று அந்தப் பக்கம் கேட்டிருக்க வேண்டும்.

"சொல்லத் தெரியல சார். இப்பத்தான் பஸ் ஏறியிருக்கா. கம்பெனிக்குப் போவணும், ஷிப்ட் முடிக்கணும், மழையில திரும்பி வரணும்," என்று சொல்லிவிட்டு, போனைப் பையில் போட்டுக்கொண்டு மாடிக்கு ஏறினார்.